பகல் பன்னிரண்டுக்கு முன்

மார்ச் 3
என் குடியைப் பற்றி நான் எடுக்கும் ஆவணப்படத்துக்காக, 2018-இல் என்னை நானே எடுத்த வீடியோப் பதிவுகளை இன்று நேரவாரியாக அடுக்கியபோது, ஒன்றுகூடப் பகல் பன்னிரண்டுக்குப் பின் எடுக்கப்படவில்லை என்பது தெரிந்தது. டாஸ்மாக் திறக்கும் நேரம் அது. திறக்கும்வரை பட்ட பாடெல்லாம் துல்லியமாகப் பதிவாகியிருக்கிறது. திறந்த பின் நடந்தது எதுவும் இல்லை.

மார்ச் 4
தூக்கம் வரவில்லை.

மார்ச் 7
கைநடுக்கக் காட்சியைத் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். எவர்சில்வர் தம்ளர் உதட்டை எட்டுவதற்குள் பாதித் தண்ணீர் லுங்கியில் சிந்திவிடுகிறது. குடிக்குப் பழகிய உடலில் போதை இறங்கும்போது நரம்புகள் அப்படித்தான் துடிக்கும் என்பதால் நடுக்கத்தில் பொய்யில்லை. ஆனால் ஜன்னல் வெளிச்சம் இடப்பக்கம் விழும்படி நாற்காலியை நகர்த்திப் போட்டவனும் நான்தான். நோயாளி நடுங்கிக்கொண்டிருந்தபோதே இயக்குநர் ஒளியமைப்பைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார்.

மார்ச் 10
குடியிலிருந்து மீள்வோர் ஒருவருக்கொருவர் துணைநிற்கும் அமைப்பான ஆல்கஹாலிக்ஸ் அனானிமஸின் கூட்டத்தில் படத்தைப் பற்றிப் பேச்செடுத்தேன். பத்திரிகை, வானொலி, திரைப்படம் ஆகியவற்றில் உறுப்பினர் தம்மை வெளிப்படுத்திக்கொள்ளலாகாது என்பது அந்த அமைப்பின் பதினோராவது மரபு. மூத்தவர் ஒருவர், "முகத்தைக் காட்டுங்க, குடிகாரன்னு சொல்லுங்க, இங்க வர்றதை மட்டும் சொல்லாதீங்க" என்றார். ஆக, நான் சீரழிந்த இடங்களையெல்லாம் காட்டலாம், மீண்ட இடத்தைக் காட்ட முடியாது.

மார்ச் 11
லயனல் ரோகோசின் நியூயார்க்கின் குடிகாரர்களையே நடிக்கவைத்து எடுத்த 'ஆன் தி பவரி' 1956-இல் வெளிவந்தது. அதில் வரும் கோர்மன் ஹெண்ட்ரிக்ஸ், படப்பிடிப்பு முடியும்வரை தாக்குப்பிடித்து, அதன் பிறகு குடித்தே இறந்துபோனார். எடிட்டிங் முடியும் தேதியை இன்று மறுபடி தள்ளிவைத்தேன்.

மார்ச் 15
பதிவில் இல்லாத அந்த மதியங்களைப் பற்றி மனைவியிடம் கேட்டேன். வெகுநேரம் கீரை ஆய்ந்துகொண்டிருந்தவள், "அழுததையெல்லாம் எடுத்து வெச்சிருக்கீங்க. நீங்க சந்தோஷமா இருந்ததை எடுக்கலையே" என்றாள். குவார்ட்டர் உள்ளே போனதும் நான் பாடுவேனாம். நான் பாட ஆரம்பித்ததும் பாப்பா செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு பக்கத்து வீட்டுக்குப் போய்விடுவாளாம். என் நினைவிலோ அவை நல்ல மதியங்கள். அந்த முதல் அரை மணி நேரத்தின் இனிப்பைச் சொல்லாமல் நடுக்கத்தை மட்டும் காட்டினால், பார்ப்பவர் என்மீது இரக்கப்படுவாரேயன்றி, நான் ஏன் தினமும் போய் நின்றேன் என்பதை அறியமாட்டார்.

மார்ச் 16
படத்தின் நடுவே கறுப்புத் திரை, அவள் குரல் மட்டும். புரொஜெக்டர் பழுதென்று நினைப்பார்கள் என்கிறார் எடிட்டர். நினைக்கட்டும்.

மார்ச் 19
சம்மதித்துவிட்டாள். பேசும்போது நான் வீட்டிலேயே இருக்கக் கூடாதாம். ரெக்கார்டரை இயக்கக் கற்றுக்கொடுத்திருக்கிறேன். அழிக்கும் பொத்தான் எது என்றுதான் முதலில் கேட்டாள்.