ஒப்புகை அட்டை

பிப்ரவரி 6, 2024
கம்பெனிக்குப் பதிவுத் தபாலில் அனுப்பிய கடிதத்துக்கு இன்றும் ஒப்புகை அட்டை வரவில்லை.

பிப்ரவரி 8
கம்பெனி என்னை வேலையைவிட்டு நீக்கிய கடிதத்தை வக்கீலம்மா இரண்டு தரம் படித்தார். "செயல்திறன் எதிர்பார்த்த அளவில் இல்லை" என்ற வரிக்குக் கீழே பென்சிலால் கோடு இழுத்தார். அக்டோபரில் இதே அதிகாரி கையெழுத்துப் போட்ட மதிப்பீட்டில் ஐந்துக்கு நாலரை. நவம்பரில் கர்ப்பம் என்று சொன்னேன். ஜனவரி 30, கடிதம்.

வக்கீலம்மா கேட்டது வேறு. "லீவு என்னிக்கிலேருந்து கேட்டிருந்தீங்க?"
"பிப்ரவரி 12."
"அப்ப லீவில் இருக்கும்போது நீக்கலை."

லீவில் இருக்கையில் நீக்கினால் பேறுகாலச் சட்டத்தின் 12-ஆம் பிரிவு நேராகப் பிடிக்குமாம். அதற்கு முன்பே நீக்கினாலும் பணம் போகாது. பிரசவத் தேதிக்கு முந்தைய 12 மாதத்தில் 80 நாள் வேலை பார்த்திருந்தால் போதும், 26 வாரச் சம்பளம் கொடுத்தாக வேண்டும். வேலை? அதற்குத் தனியாகப் போராட வேண்டும். கடிதத்துக்கும் லீவுக்கும் நடுவே பதின்மூன்று நாள். அவர்களுக்கும் காலண்டர் பார்க்கத் தெரியும்.

பிப்ரவரி 9
பதின்மூன்று நாள்.

பிப்ரவரி 14
அட்டை வந்துவிட்டது. கம்பெனி முத்திரை பாதி அழிந்து, மேலே ஒரு சுழி. யாருடைய கையெழுத்து என்று வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். தேதி மட்டும் தெளிவு: பிப்ரவரி 5. என் கடிதத்தை ஒரு கை வாங்கியிருக்கிறது. அதுவே இன்று போதுமாக இருந்தது.

பிப்ரவரி 17
என் பதவிப் பெயரில் மேனேஜர் இருக்கிறது. எனக்குக் கீழே ஒருவர்கூடக் கிடையாது. இருந்தும் 'இவர் தொழிலாளியே அல்ல' என்று தொழிலாளர் கோர்ட்டில் சொல்வார்களாம். பெயரை வைத்து முடிவு செய்ய முடியாது, பார்த்த வேலைதான் கணக்கு. தினமும் என்ன செய்தேன் என்று எழுதித் தரச் சொன்னார் வக்கீலம்மா. எழுதினேன், ஒன்பது பக்கம். இவ்வளவு வேலை பார்த்தவளுக்கா செயல்திறன் இல்லை?

பிப்ரவரி 22
பேப்பரில் செலினா ஜான். ராணுவ நர்ஸ். கல்யாணம் செய்துகொண்டதற்காக 1988-ல் நீக்கினார்கள். அது தவறு என்று இப்போது உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 60 லட்சம் இழப்பீடு, எட்டு வாரத்துக்குள். அழுதுவிட்டேன். பிறகு வருஷத்தைக் கழித்துப் பார்த்தேன்.

மார்ச் 3
தூக்கமில்லை. வயிற்றுக்குள் அவளும் தூங்கவில்லை.

எனக்கு முன்னால் கோர்ட்டுக்குப் போனவர்களை எண்ணிக்கொண்டு கிடந்தேன். ஆட்ரி டி'கோஸ்டா, ஸ்டெனோகிராபர். ஆண் ஸ்டெனோக்களைவிடக் குறைந்த சம்பளம். 1987-ல் உச்ச நீதிமன்றம் வரை போய் ஜெயித்தார். கொடுக்கக் கட்டுப்படியாகாது என்ற சமாதானத்தையும் கோர்ட் ஏற்கவில்லை. சி.பி. முத்தம்மா, வெளியுறவுப் பணி. கல்யாணம் பண்ண அரசிடம் அனுமதி வாங்கு என்று விதி. 1979 தீர்ப்பு அதைக் கடுமையாகக் கண்டித்தது. அதற்குள் பதவி உயர்வு கொடுத்துவிட்டதால் மனு தள்ளுபடி. ஏர் இந்தியா வழக்கு, 1981: முதல் கர்ப்பத்தோடு விமானப் பணிப்பெண் வேலை முடிந்தது என்ற விதியை அடித்துவிட்டார்கள்.

அந்த விதி தாளில் இருந்தது. அதனால் அடிக்க முடிந்தது. எனக்கு எதிரான விதி எந்தத் தாளிலும் இல்லையே. 'செயல்திறன்' என்று ஒரு சொல்தான் இருக்கிறது. அந்தச் சொல்லுக்குப் பின்னால் என் வயிறு இருக்கிறது என்பதை எதைக் காட்டி நிரூபிப்பேன்? அக்டோபர் மதிப்பீட்டையும் ஜனவரி கடிதத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைப்பதைத் தவிர?

மார்ச் 11
ஹெச்.ஆரிலிருந்து போன். நாலு மாதச் சம்பளம் தருகிறார்களாம். 'சொந்தக் காரணங்களுக்காக' என்று நானே ராஜினாமா எழுதித் தர வேண்டும். இவர் வாங்கிக்கொள்ளலாம் என்கிறார். அம்மா ஒன்றும் சொல்லவில்லை.

மார்ச் 12
சொந்தக் காரணம். அவர்கள் காரணத்துக்கு என் கையெழுத்து.

மார்ச் 13
முடியாது என்று சொல்லிவிட்டேன். இவர் சாப்பிடாமல் படுத்துவிட்டார்.

மார்ச் 26
நீக்கல் கடிதம் கைக்கு வந்த நாளிலிருந்து 60 நாளுக்குள் மனு கொடுக்க வேண்டும். 30-ஆம் தேதியோடு முடிகிறது. இன்று மனுவைக் கொடுத்தோம். குமாஸ்தா வயிற்றைப் பார்த்து நாற்காலி போட்டார். நகலில் சீல் வாங்கும்வரை நான் உட்காரவில்லை. ஒப்புகை அட்டையையும் இணைத்திருக்கிறோம், ஏழாவது ஆவணம்.

மார்ச் 28
விசாரணைக்கு ஏப்ரல் 10 போட்டிருக்கிறார்கள். டாக்டர் கொடுத்த தேதி 8. வாய்தா கேட்டால் எத்தனை நாள் தள்ளிப் போகும் என்று வக்கீலம்மாவிடம் கேட்க வேண்டும்.