அபத்த நாடகத்தைத் தொலைக்காட்சிக்கு எடுத்தபோது

அபத்த நாடகத்துக்கு, அதாவது ஒழுங்கான கதை இல்லாமல் வாழ்க்கையின் பொருளின்மையைக் காட்டும் நாடகத்துக்கு, வெறுமைதான் உயிர். மேடையில் அந்த வெறுமைக்காகத் தனியே பாடுபடத் தேவையில்லை. யாழ்ப்பாணத்து வீரசிங்கம் மண்டப மேடையில் இரண்டு பேரையும் ஒரு கதிரையையும் விட்டால், மிச்ச இடம் தானே நாடகமாகிவிடும். தொலைக்காட்சியில் அந்த இடம் இல்லை. 1961இல் பிபிசி 'கோடோவுக்காகக் காத்திருத்தல்' நாடகத்தை ஒளிபரப்பியபோது அதை எழுதிய சாமுவேல் பெக்கெற்றுக்கே அது பிடிக்கவில்லை. பெரிய வெளிக்குள் அடைபட்ட சின்ன மனிதர்கள், பெட்டிக்குள் பெருத்துப்போனார்கள் என்பது அவருடைய குறை. இரண்டு பேர் மட்டும் நடிக்கும் நாடகமொன்றை யாழ்ப்பாணத்தில் நாங்கள் படமாக்கியபோதும் வேலை முழுக்க இந்தக் குறையோடுதான்.

மேடையேற்ற எடுத்த அனுமதி ஒளிபரப்புக்குக் காணாது. நாடகம் மொழிபெயர்ப்பென்றால் மொழிபெயர்ப்பாளரிடமும் தனியே கேட்கவேண்டும்.

பின்னணிக்குக் கறுப்புத் துணி கட்டவேண்டாம். இருட்டில் கமராப் படம் புள்ளி புள்ளியாகத் தெரியும், ஒளிபரப்பில் அது கட்டம் கட்டமாக உடையும். சாம்பல் நிறச் சுவரும் அதில் மெல்லிய வெளிச்சமும் நல்லது. எங்கள் மின்சாரம் 50 ஹேர்ட்ஸ்; செக்கனுக்கு 25 பிரேமில் எடுத்தால் ஷட்டர் வேகத்தை 1/50 செக்கனில் வையுங்கள், விளக்கு துடிக்காது. இருவரும் தலை முதல் கால் வரை தெரியும் தூரக்காட்சிதான் அடித்தளம். அண்மைக்காட்சியை ஒருவர் மற்றவரை உண்மையாகப் பார்க்கும் இடங்களுக்கு மட்டும் ஒதுக்கினோம்.

அதிகம் கெடுவது ஒலி. கமராவின் தானியங்கி ஒலி அளவை முதலிலேயே நிறுத்துங்கள். நடிகர் மௌனமானவுடன் அது அளவை உயர்த்தி, தகரக் கூரையின் சத்தத்தையும் தெருவையும் உள்ளே இழுத்துவிடும், மௌனம் இரைச்சலாகிவிடும். தூரக்காட்சியில், நீண்ட கோலில் பிடிக்கும் பூம் மைக் கிட்ட வராது, சட்டைக்குள் வைத்த மைக் துணியில் உரசும். ஆகவே காட்சி முடிந்த கையோடு, அதே இடத்தில் மைக்கைக் கிட்டப்பிடித்து வசனங்களை மறுபடி சொல்லவைத்தோம். எல்லோரும் அசையாமல் நின்று, பேச்சில்லாத மண்டபத்தின் ஒலியை ஒரு நிமிடம் பதிந்து வையுங்கள். தொகுப்பில் மௌனத்தை நிரப்ப அதைவிட நல்லதில்லை. முழு நிசப்தம் வந்தால் பார்ப்பவர் ரீவி பழுது என்றே நினைப்பார். ஐப்பசி, கார்த்திகை மழையையும் பக்கத்துக் கோயில் திருவிழாவையும் முன்பே விசாரித்து நாள் குறியுங்கள்.

அபத்த நாடகத்தில் ஒரே வசனம் திரும்பத் திரும்ப வரும். ஒவ்வொரு காட்சியையும் எடுக்கமுன் கமராவுக்குக் காட்டும் கிளாப் பலகையில் பக்க எண்ணோடு 'இரண்டாம் தரம்', 'மூன்றாம் தரம்' என்றும் எழுதாவிட்டால் தொகுப்பாளர் மாற்றிப் பொருத்திவிடுவார்; ஒவ்வொரு தரமும் பாத்திரத்தில் களைப்பு ஏறிவரும் ஒழுங்கு குலைந்துபோகும். மேடையில் சிரிப்புக்காக நடிகர் விட்ட இடைவெளிகளை வெட்டலாம். எழுத்தாளர் எழுதிய மௌனங்களில் கைவைக்கவேண்டாம். விளம்பர இடைவேளையை மௌனத்தின்மேல் வைக்காமல், பேச்சு விறுவிறுக்கும் இடத்தில் வைக்கச் சொல்லுங்கள்.

கடைசிப் பிரதியை, விசிறி சுழலும் ஒரு வீட்டு அறையில் சாதாரண ரீவியில் போட்டுப் பாருங்கள். மெல்லச் சொன்ன வசனம் அங்கே கேட்காவிட்டால் ஒலிக்கலவையை மறுபடி செய்யத்தான் வேண்டும்.