ப்ளூஸ்கை சிமுலேட்டரில் சென்னைக்கு விமானம் இறக்குதல்: இதுவரை வந்த தூரம்

மடிக்கணினியில் சென்னை விமான நிலையத்துக்கு விமானங்களை வரிசைப்படுத்தி இறக்கிப் பார்க்கும் வேலை ஓரளவு நிலைக்கு வந்திருக்கிறது. பயன்படுத்துவது ப்ளூஸ்கை. நெதர்லாந்தின் டெல்ஃப்ட் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் யாக்கோ ஹூக்ஸ்ட்ரா, யூஸ்ட் எல்லர்புரூக் இருவரும் உருவாக்கிய விமானப் போக்குவரத்து சிமுலேட்டர். இதை விளக்கும் ஆய்வுக்கட்டுரை 2016இல் வந்தது. நிரல் முழுக்கத் திறந்திருக்கிறது, பெரும்பகுதி பைத்தான். காக்பிட் கிடையாது, மேகம் கிடையாது. வரைபடத்தின் மேல் சின்னச் சின்ன அம்புகள், பக்கத்தில் விமானத்தின் பெயர், உயரம், வேகம் அவ்வளவுதான். விமானியின் இருக்கை வேண்டுமென்றால் வேறு சிமுலேட்டர்கள் இருக்கின்றன. எனக்கு வேண்டியது தரையிலிருந்து விமானங்களை வழிநடத்தும் கட்டுப்பாட்டாளரின் பார்வை.

விமானம் எப்படி ஏறும், இறங்கும், எவ்வளவு வேகம் தாங்கும் என்ற தரவு இல்லாமல் இப்படிப்பட்ட மென்பொருள் வெறும் பொம்மை. ஐரோப்பாவின் யூரோகண்ட்ரோல் அமைப்பிடம் பாடா என்ற அருமையான தொகுப்பு இருக்கிறது, ஆனால் அதற்கு உரிமம் வாங்க வேண்டும். டெல்ஃப்டில் ஓபன்ஏபி என்று திறந்த மாதிரியைச் செய்து கொடுத்தார்கள். வீட்டிலிருந்து இதைச் செய்ய முடிகிறது என்றால் அந்த ஒரு முடிவுதான் காரணம் என்று நினைக்கிறேன்.

முதலில் மோதல் தவிர்ப்பைப் பார்த்தேன். ஒரே உயரத்தில் இரண்டு விமானங்களைக் குறுக்கே பறக்க விட்டால், 5 நிமிடம் முன்கூட்டியே கணக்குப் போட்டு, 5 கடல் மைலுக்குள் நெருங்கப் போகின்றன என்று திரை எச்சரிக்கிறது. எம்.வி.பி. என்ற தீர்வு முறையை இயக்கினால், இரண்டும் மிக நெருங்கும் புள்ளியைக் கண்டுபிடித்து, அங்கே ஒன்றையொன்று தள்ளுவதுபோல் பாதையை மாற்றுகிறது. இரண்டும் பேசிக்கொள்ளத் தேவையில்லை. ஒரே விதியின்படி எதிரெதிர்த் திசையில் விலகிவிடும். பார்க்க அழகு. ஆனால் நடுவானில் இடம் நிறைய இருக்கிறது. கஷ்டம் ஓடுபாதைக்கு அருகில்தான்.

சரி, சென்னை. தென்மேற்குக் காற்று வீசும் நாட்களில் 25ஆம் ஓடுபாதை, அதாவது விமானங்கள் வங்கக்கடல் பக்கமிருந்து வந்து இறங்கும். அந்த நேர்கோட்டில் இரண்டு ஏர்பஸ் ஏ320களை 180 நாட் (மணிக்கு 180 கடல் மைல்) தரைவேகத்தில், 6 கடல் மைல் இடைவெளியில் விட்டேன். இனி மைல் என்றால் கடல் மைல்தான். இந்த ஓட்டத்தில் காற்றைச் சேர்க்கவில்லை. முன்னது இறங்குவதற்காக 140 நாட்டுக்குக் குறைத்ததும் பின்னது நெருங்க ஆரம்பித்தது. பின்னதும் 140க்கு வந்தபோது இடைவெளி 4.7 மைல். யாரும் எதையும் தவறாகச் செய்யவில்லை. 180 நாட்டில் 6 மைல் கடக்க 120 விநாடி ஆகும். 140 நாட்டில் அதே 120 விநாடிக்குக் கிடைப்பது 4.7 மைல்தான். கடைசியில் 5 மைல் வேண்டும் என்றால் தொடக்கத்தில் 6.5 விட்டாக வேண்டும்.

இதைத் திரையில் பார்த்த பிறகுதான் கட்டுப்பாட்டாளர்கள் ஏன் ஓயாமல் வேகத்தைச் சொல்லிக்கொண்டே இருக்கிறார்கள் என்பது எனக்கு உறைத்தது. கண்ணில் படுவது தூரம், அவர்கள் உண்மையில் பிடித்து வைத்திருப்பது நேரம்.

அப்புறம் கலப்பு வரிசை. போயிங் 777 போன்ற கனரக விமானத்தின் பின்னால் ஏ320 வந்தால், இறக்கையிலிருந்து கிளம்பும் சுழல்காற்றுக்காக 5 மைல் விடுவது வழக்கமான விதி. இதைவிட எனக்குச் சுவாரசியமாக இருந்தது, மெதுவாகப் பறக்கும் சிறிய டர்போபிராப் (முன்சுழலி) விமானமான ஏ.டி.ஆரின் பின்னால் 777 வருவது. இதைத் தாளிலேயே கணக்குப் போட்டேன். ஏ.டி.ஆர். 120 நாட், 777 145 நாட் என்று வைத்தால், கடைசி 10 மைலை ஏ.டி.ஆர். கடக்க 5 நிமிடம். அதற்குள் 777 12 மைல் வந்துவிடும். தரையைத் தொடும்போது 3 மைல் மிஞ்ச வேண்டுமானால் 10 மைல் முன்னால் 5 மைலுக்கு மேல் இருக்க வேண்டும். வரிசையை மாற்றினால் இடைவெளி தானாகவே விரியும். யாரை முதலில் இறக்குவது என்பதே பாதி வேலை.

காற்றைச் சேர்த்ததும் படம் இன்னும் மாறியது. 20 நாட் எதிர்க்காற்று என்றால் 140 என்பது தரையில் 120 ஆகிறது. 3 மைல் இடைவெளி 77 விநாடியிலிருந்து 90 விநாடிக்குப் போகிறது. மணிக்கு 46 இறங்கக்கூடிய வரிசை 40க்கு விழுகிறது, ஓடுபாதையைக் காலி செய்யும் நேரத்தைக் கணக்கில் எடுக்காமலே. லண்டன் ஹீத்ரோவில் 2015இல் மைல் கணக்கை விட்டு நேர இடைவெளிக்கு மாறியதன் காரணம் இதுதான். பலத்த எதிர்க்காற்று நாட்களில் அவர்கள் இழந்துகொண்டிருந்த இறக்கங்களை அந்த மாற்றம் மீட்டுக் கொடுத்தது. சிமுலேட்டருக்கு நான் எழுதிக் கொடுக்கும் கட்டளைப் பட்டியலான என்னுடைய சின்னக் காட்சிக் கோப்பிலும் நேர இடைவெளியைக் கொடுத்ததும் வரிசை மறுபடி நெருங்கியது.

இந்த வரிசைகளையெல்லாம் இதுவரை கையால்தான் ஓட்டுகிறேன். காட்சிக் கோப்பில் ஒவ்வொரு வரியிலும் நேரம், கட்டளை. வேகமாக ஓட்டிப் பார்த்து, திருத்தி, மறுபடி ஓட்டுவது. அடுத்தது பைத்தானில் ஒரு பிளகின், அதாவது சிமுலேட்டரோடு சேர்ந்து ஓடும் துணை நிரல். சில விநாடிகளுக்கு ஒருமுறை ஒவ்வொரு விமானமும் ஓடுபாதை முனையைத் தொட இன்னும் எவ்வளவு நேரம் என்று கணக்கிட்டு, பின்னால் வருவதற்கு ஒரு வேகத்தைப் பரிந்துரைக்க வேண்டும். நேரக் கணக்கு எழுதியாயிற்று. 220 நாட்டில் வருவதை எந்த மைலில் 180க்குக் குறைக்கச் சொல்வது என்பதில் இப்போது நிற்கிறேன். சீக்கிரம் குறைத்தால் பின்னால் வருகிற எல்லாம் தேங்குகின்றன, தாமதித்தால் கடைசி 5 மைலில் சமாளிக்க இடமில்லை.