குனிந்து தேடாதே

பகலில் இசை மென்பொருளுக்கு நிரல் எழுதுகிறேன். இரவில் ஜாஸ் குழுக்களோடு டிரம்ஸ் வாசிக்கிறேன். வாடகை கட்டுவது நிரல்தான், அதில் ஒளிவுமறைவு இல்லை.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் நான் எழுதிய டிரம் நிரல் நன்றாகவே ஓடும். திடீரென்று ‘டப்’பென்று வெடிக்கும். நாட்கணக்கில் தேடினேன். ஒலிக்கு விநாடிக்கு 44,100 சாம்பிள்கள், அதாவது ஒலி அலையின் அளவுப் புள்ளிகள், வேண்டும். அவற்றை 256 சாம்பிள் கொண்ட கட்டுகளாகக் கொடுத்துக்கொண்டிருந்தோம். அப்படியென்றால் ஒரு கட்டைத் தயார் செய்யக் கெடு 5.8 மில்லி விநாடி. நானோ அதற்குள் வட்டிலிருந்து கோப்பைத் திறந்து படித்துக்கொண்டிருந்தேன். வட்டு கொஞ்சம் சுணங்கினாலும் கெடு தப்பிவிடும். நிரலைப் படித்துப் பார்த்த மூத்த சகா சொன்னார்: “ஒலி ஓடுகிற இடத்தில் எதற்காகவும் காத்திருக்காதீர்கள். கோப்பு, நினைவகம், பூட்டு (ஒரே தரவை இரண்டு நிரல்கள் ஒரே நேரத்தில் தொடாமல் தடுப்பது) எதுவானாலும் முன்பே ஏற்பாடு செய்துகொள்ளுங்கள்.”

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. என் டிரம்ஸ் ஆசிரியர் முதல் மேடைக்கு முன்பு சொன்னதும் இதைத்தான்: குச்சி நழுவினால் குனிந்து தேடாதே. மாற்றுக் குச்சி கைக்கெட்டும் இடத்தில் இருக்கட்டும்; அதை எடுக்கும்வரை ஹை-ஹாட் (காலால் மிதித்து மூடும் ஜோடித் தாளத் தட்டு) மிதி, நான்கு தட்டில் இரண்டாவதிலும் நான்காவதிலும் விழுந்துகொண்டே இருக்க வேண்டும்.

கெடுவைப் பிடிப்பது சுலபம். கெடுவுக்குள் எங்கே அடிப்பது என்பதில்தான் சிக்கல். ரோஜர் லின் 1980-இல் கொண்டுவந்த எல்எம்-1 டிரம் இயந்திரத்திலேயே ஸ்விங் வசதி உண்டு: இரட்டையாக வரும் அடிகளில் இரண்டாவதைத் தள்ளிப்போடுவது. 50 சதவீதம் என்றால் சமம். 66 என்றால் ஏறத்தாழ 2:1. நானும் அதே கணக்கைத்தான் எழுதினேன். நிமிடத்துக்கு 120 தட்டு வேகத்தில் ஒரு தட்டு 500 மில்லி விநாடி. அது 333, 167 என்று பிரியும். கேட்க இதமாகவே இருந்தது. வேகத்தை 300-க்கு ஏற்றியதும் நொண்டிக்குதிரை ஆகிவிட்டது.

அன்றிரவு என் ரைடு சிம்பலை, அதாவது தாளத்தைத் தொடர்ந்து ஓட்டும் பெரிய உலோகத் தட்டை, பல வேகங்களில் பதிவு செய்து அளந்தேன். மெதுவான பாட்டில் கை நன்றாக இழுக்கிறது. வேகம் கூடக்கூட விகிதம் சுருங்கி, கடைசியில் இரண்டு அடியும் ஏறக்குறைய சமமாகிவிடுகின்றன. இத்தனை ஆண்டுகளாக என் கை செய்துவந்தது எனக்கே தெரியாது. ஸ்னேர் டிரம்மின் அடியை எப்போதும் சற்று முன்னதாகப் போடுகிறேன் என்பதையும் அதே பதிவு காட்டிக்கொடுத்தது. அதைக் குழுவில் யாரிடமும் சொல்லவில்லை.

விகிதத்தை வேகத்தோடு சேர்த்துக் கட்டியது, நான் எழுதியவற்றில் எனக்குப் பிடித்த பத்து வரிகள். அதன் பிறகு “மனிதத்தன்மை” என்று ஒரு திருகு (கூட்டிக் குறைக்கும் குமிழ்) கேட்டார்கள். வழக்கமான வழி, அடிகளை முன்னும் பின்னும் தாறுமாறாகச் சிதறவிடுவது. கேட்டுப் பாருங்கள்: மனிதர் வாசிப்பதுபோல் இருக்காது, தள்ளாடுபவர் வாசிப்பதுபோல் இருக்கும். பேஸ் வாசிப்பவர் முன்னே சாய்ந்தால் என் ரைடு முழுதாகக் கூடவே சாயும். சாக்சபோன் பின்தங்கி இழுத்தால் நான் இருந்த இடத்திலேயே நிற்பேன். எங்கள் பிசகு ஒவ்வொன்றுக்கும் ஒரு காரணம் உண்டு. கூட்டத்தில் இதற்காக வாதாடித் தோற்றேன். திருகு இருக்கிறது; ஆரம்ப நிலை பூஜ்யமாக இருக்க வேண்டும் என்பது மட்டும் நான் வாங்கிய சலுகை.

இன்னும் தோற்றுக்கொண்டிருப்பது, குச்சிக்குப் பதிலாகப் பிடிக்கும் கம்பித் தூரிகையான பிரஷ்ஷிடம். இசைக்கருவிகளும் கணினியும் பேசிக்கொள்ள 1983-இல் வந்த மிடி என்ற முறை, இசை விசைப்பலகையை மனத்தில் வைத்துப் பிறந்தது: ஸ்வரம் தொடங்கியது, முடிந்தது, அழுத்தம் 127 வரை. மெதுவான பாட்டில் என் இடக்கைப் பிரஷ் ஸ்னேர் தோல்மேல் வட்டமாகத் தேய்த்துக்கொண்டே இருக்கிறது. அதில் ஸ்வரம் எங்கே தொடங்குகிறது? தேய்ப்பைத் துண்டு துண்டாகப் பதிவு செய்து, ஒன்று மங்கும்போது அடுத்தது எழும்படி ஒட்டினேன். பயனர்களிடமிருந்து ஒரு புகாரும் வந்ததில்லை. எனக்கு மட்டும் ஒவ்வொரு வட்டத்திலும் அந்த ஒட்டு கேட்கிறது. பிழைப் பட்டியலில் நானே பதிந்துவைத்திருக்கிறேன். மூடிவிடலாமா என்று மேலாளர் இரண்டு முறை கேட்டுவிட்டார்.