மாங்குளத்தில் இருந்து ஆனையிறவுக்கு: ஏ9 வீதியில் ஒரு லண்டன் மரதன் தூரம்

மாங்குளம் சந்தியில் இருந்து வடக்கே சைக்கிளை விட்டால், ஆனையிறவை அண்டும்போது ஏறத்தாழ ஒரு மரதன் தூரம் முடிந்துவிடும். பள்ளிக்கூடத்து இல்ல விளையாட்டுப் போட்டிக்கு முன்னர் பிள்ளைகளை ஊரைச் சுற்றி ஓடவிடுவோமே, அதையும் மரதன் என்றுதான் சொல்கிறோம். அது ஐந்து கிலோமீற்றராகவும் இருக்கும், எட்டாகவும் இருக்கும். மரதன் என்ற பெயருக்கு உரிய தூரம் 42.195 கிலோமீற்றர், அதில் குறைந்தால் அது வேறொரு ஓட்டம். அந்தத் தூரம் பிறந்த நகரம் லண்டன். ஒவ்வொரு சித்திரையிலும் லண்டனில் உள்ள சொந்தக்காரர் அனுப்பும் படங்களில் நாம் பார்க்கிற ஓட்டம் எவ்வளவு நீளம் என்பதை உடம்பால் அறிய இந்த வீதியை விட நல்ல இடம் வன்னியில் இல்லை.

வெளிக்கிட ஏற்ற நேரம் விடிய ஐந்து மணி. ஆறுதலாக மிதித்து, இடையிடையே நின்று போனாலும் ஒன்பது மணிக்குள் முடியும். அதற்கு முந்திப் போக வேண்டாம். கட்டாக்காலி மாடுகள் இரவில் தார் வீதியிலேயே படுத்திருக்கும், கறுத்த மாடு லைட் வெளிச்சத்துக்கும் தெரியாது. பிந்தினால் வெயில். லண்டன் மரதனில் மிகச் சூடான நாளாகப் பதிவானது 2018, அன்றைக்கு வெப்பம் 24 பாகை. அந்த 24 பாகை எங்களுக்கு விடியப்புறக் குளிர். ஆளுக்கு மூன்று லீற்றர் தண்ணீர் வேண்டும். அதில் ஒரு லீற்றரில் ஆறு மட்டத் தேக்கரண்டி சீனியும் அரைத் தேக்கரண்டி உப்பும் கரைத்து வையுங்கள். உப்பைக் கூட்டிப் போட்டால் தாகம்தான் கூடும்.

போனில் தூரம் காட்டும், ஆனால் ஓட்டப் பாதைக்கு அந்தக் கணக்கு செல்லாது. லண்டனிலும் சைக்கிள் சில்லை வைத்துத்தான் அளக்கிறார்கள். முன் சில்லின் அச்சில் ஒரு சிறிய எண்ணி பூட்டியிருக்கும். அதே முறையை ஊர்ச் சைக்கிளிலும் செய்யலாம். மாங்குளத்தின் வடக்கே நேரான துண்டு ஒன்றில், 30 மீற்றர் உருக்கு நாடாவைப் பத்துத் தரம் இழுத்துப் பிடித்து 300 மீற்றரைக் குறியுங்கள். நாடா தொய்யக் கூடாது. ஐந்து கிலோ தூக்குகிற இழுப்பு வேண்டும். காற்றடிக்கும் வால்வு நேர்கீழே கோட்டில் நிற்க வைத்து ஏறி, கோணாமல் ஓட்டி, சில்லு எத்தனை தரம் சுற்றுகிறது என்று எண்ணுங்கள். 28 அங்குலச் சில்லின் சுற்றளவு ஏறத்தாழ 2.24 மீற்றர். 300 மீற்றருக்கு 133 சுற்றும், மிச்சமாகக் கம்பிக் கணக்கில் 30 கம்பியும் வரும். முன் சில்லில் 32 கம்பி என்றால் ஒரு கம்பி இடைவெளி 7 சென்ரிமீற்றர். இதை நான்கு தரம் செய்து சராசரி எடுக்க வேண்டும், பயணம் முடிந்ததும் மறுபடி நான்கு தரம்.

ஏன் இவ்வளவு பாடு? முழுத் தூரத்துக்கு ஏறத்தாழ 18,840 சுற்று. சுற்றளவில் ஒரு மில்லிமீற்றர் பிழைத்தால் முடிவில் 19 மீற்றர் பிழைக்கும். காற்று இறங்கினால் சில்லு சிறுக்கும், வெயில் ஏறினால் காற்று விரிந்து சில்லு பெருக்கும். மத்தியானச் சூட்டில் கணக்கு எடுத்துவிட்டு விடியக் குளிரில் பாதையை அளந்தால், பாதை கட்டையாகிவிடும். அதனால்தான் விதிப்படி ஒவ்வொரு கிலோமீற்றருக்கும் ஒரு மீற்றர் கூட்டி அளக்கிறார்கள், முழுப் பாதைக்கு 42 மீற்றர். இந்தக் கவனம் தவறினால் என்ன நடக்கும் என்பதற்கு மான்செஸ்டர் நகரத்து மரதன் சாட்சி. 2013, 2014, 2015 மூன்று ஆண்டும் அந்தப் பாதை 380 மீற்றர் குறைவாக இருந்தது 2016இல் தெரியவந்தது. பல மாதம் பயிற்சி எடுத்து ஓடிய ஆயிரக்கணக்கானோரின் நேரம் ஒரே நாளில் செல்லாமல் போனது. 1981இல் நியூயோர்க்கில் அல்பேர்ட்டோ சலசார் ஓடிய 2:08:13 என்ற உலக சாதனையும், பாதை ஏறத்தாழ 150 மீற்றர் குறைவு என்று பின்னர் அளந்தபோது போய்விட்டது.

மாங்குளத்தில் இருந்து பனிக்கன்குளம், கொக்காவில் வரை வீதி தட்டை. லண்டனில் தொடக்கம் இப்படியில்லை. பிளாக்ஹீத் மேட்டில் தொடங்கி முதல் மூன்று மைல் வூலிச் பக்கம் இறக்கம். அந்த இறக்கத்தில் கால் தானாக ஓடும், அங்கே கொடுத்த வேகத்துக்குக் கடைசி ஆறு மைலில் வட்டியோடு கட்ட வேண்டிவரும்.

அந்த ஓட்டத்தைத் தொடங்கியவர்கள் கிறிஸ் பிராஷர், ஜோன் டிஸ்லி என்ற இருவர். பிராஷர் 1956 மெல்பேர்ண் ஒலிம்பிக்கில் தடைதாண்டலில் தங்கம் வென்றவர், டிஸ்லி 1952இல் அதே போட்டியில் வெண்கலம். 1979இல் நியூயோர்க் மரதனை ஓடிப் பார்த்தார்கள். 1970இல் ஒரு பூங்காவுக்குள் 127 பேரோடு தொடங்கி, 1976இல் நகரின் ஐந்து பகுதிகளுக்கும் விரிந்த ஓட்டம் அது. தெருவோரத்துச் சனம் முன்பின் தெரியாதவனைக் கூப்பிட்டு ஊக்கம் கொடுப்பதைக் கண்டவர்கள், லண்டனிலும் இது வேண்டும் என்று நின்றார்கள். நகர சபைத் தலைவராக இருந்த ஹொரஸ் கட்லர், வரி கட்டும் சனத்திடம் காசு கேட்டு வரக் கூடாது என்ற நிபந்தனையோடு சம்மதித்தார். கில்லெட் நிறுவனம் 75,000 பவுண் கொடுத்தது. பொலிஸ் வீதிகளைப் பூட்டியது.

பாதை பூட்டுவது என்றால் வன்னியில் வேறு பொருள். 2006 ஆவணியில் பூட்டிய இந்த வீதி யுத்தம் முடிந்த பின்னர்தான் திறந்தது. அந்தச் சொல்லோடு வளர்ந்த பிள்ளைகளுக்கு, சாதாரண சனம் நடுவீதியால் ஓடட்டும் என்று ஒரு பெருநகரம் தன் வீதிகளை ஒருநாள் பூட்டுகிறது என்பதைச் சொல்லிக் கொடுக்க வேண்டும் என்று தோன்றுகிறது.

முதல் ஓட்டம் 1981 மார்ச் 29, மழை. 20,000க்கு மேற்பட்டோர் கேட்டதில் 7,747 பேருக்கு இடம் கிடைத்தது. 6,255 பேர் ஓடி முடித்தார்கள். அமெரிக்காவின் டிக் பியர்ட்ஸ்லியும் நோர்வேயின் இங்கே சிமொன்சனும் முந்த நினைக்காமல் கைகோத்து 2:11:48இல் கோட்டைத் தாண்டினார்கள். பெண்களில் வென்ற ஜொய்ஸ் ஸ்மித்துக்கு அப்போது வயது 43, நேரம் 2:29:57.

முறிகண்டியில் எல்லாரும் நிற்பார்கள், நீங்களும் நில்லுங்கள். பிள்ளையாரைக் கும்பிட்டு, கச்சான் வாங்கி, சில்லுக்குக் காற்று சரியா என்று விரலால் அமத்திப் பாருங்கள். லண்டனில் டவர் பாலம் பன்னிரண்டரை மைலில், பாதித் தூரத்துக்குச் சற்று முன்னே வருகிறது. இங்கே பாதி, முறிகண்டி தாண்டி அறிவியல் நகர் பக்கம். லண்டனில் பாலத்தைக் கடந்து வலம் திரும்புகிறவர்களுக்கு எதிரே, 22ஆம் மைலை முடித்தவர்கள் வந்துகொண்டிருப்பார்கள். மனம் சோர்கிற இடம் அது என்று ஓடியவர்கள் சொல்வார்கள்.

கிளிநொச்சியை நெருங்கும்போது 155ஆம் கட்டை. மைல் கணக்கு எப்போதோ போய்விட்டது, கட்டையின் பெயர் ஊரின் பெயராக நிலைத்துவிட்டது. லண்டன் மரதனும் இன்றுவரை மைல் கட்டைக் கணக்கில்தான் பேசப்படுகிறது. கிளிநொச்சி நகரம் ஏறத்தாழ 18ஆம் மைல், லண்டனில் கனரி வோர்ஃப் என்ற இடத்து உயர்ந்த கட்டடங்கள் நிற்கிற தூரம். ஓட்டக்காரருக்கு உடம்பில் சேர்த்து வைத்த மாச்சத்து தீரத் தொடங்குகிற இடமும் இதை அண்டித்தான். சைக்கிளில் வந்தவருக்கு ஒரு பிளேன்ரீயும் வாழைப்பழமும் போதும்.

பரந்தனுக்கு அப்பால் நிழல் குறையும், உமையாள்புரம் தாண்டக் கடல்நீரேரியின் உப்புக் காற்று. வைகாசி முதல் சோளகம் பின்பக்கத்தில் இருந்து தள்ளும், மார்கழியில் வாடை முகத்தில் அடிக்கும். இப்படி ஒரே திசையில் போகிற பாதையில் உலக சாதனை பதிய முடியாது. தொடக்கத்துக்கும் முடிவுக்கும் இடையிலான நேர்த்தூரம் ஓட்டத் தூரத்தின் பாதிக்கு மேல் போகக் கூடாது என்பது விதி. 2011இல் பொஸ்ரனில் ஜெஃப்ரி முத்தாய் 2:03:02இல் ஓடியும் சாதனையாகாததற்கு இதுவும் ஒரு காரணம். லண்டன் பாதை வளைந்து வளைந்து போவதால் அங்கே அது செல்லும். 2003இல் போலா ராட்கிளிஃப் ஓடிய 2:15:25 பெண்கள் உலக சாதனையாகப் பதினாறு ஆண்டு நின்றது.

கடைசித் துண்டு 385 யார், அதாவது 352 மீற்றர். 1908 லண்டன் ஒலிம்பிக்கில் வின்ட்சர் மாளிகையில் இருந்து மைதானம் வரை 26 மைல், உள்ளே அரச குடும்பம் இருந்த மேடையின் முன்வரை 385 யார் என்று வைத்தார்கள். 1921இல் அதுவே உலகத்துக்கான தூரமாயிற்று. அந்த 385 யாரில் இத்தாலியின் டொராண்டோ பியெத்ரி திசை தடுமாறி, திரும்பத் திரும்ப விழுந்து, பிறர் தாங்கித் தூக்கக் கோட்டைத் தாண்டினார். உதவி பெற்றதால் வெற்றி அமெரிக்காவின் ஜோனி ஹேய்சுக்குப் போனது. மறுநாள் அரசி அலெக்சான்ட்ரா பியெத்ரிக்கு ஒரு வெள்ளிக் கிண்ணம் கொடுத்தார். ஆனையிறவில் அந்தத் துண்டுக்குச் சைக்கிளில் இருந்து இறங்கி, உருட்டிக்கொண்டு நடந்து எண்ணுங்கள். சில்லு 157 தரம் சுற்ற வேண்டும்.