மொட்டை மாடியில் காயா: மூன்றாம் வருடக் கணக்கு

காலையில் என் காயாச் செடியை, நீலப் பூ பூக்கிற அந்தக் காட்டுச் செடியை, ஸ்கேல் வைத்து அளந்தேன். 14 அங்குலம். மூன்று வருடத்துக்கு இவ்வளவுதான். பக்கத்துத் தொட்டியில் முருங்கைக் குச்சி நட்டவர் காய் பறித்துச் சாம்பாரே வைத்துவிட்டார்.

அம்மா தினமும் விளக்கேற்றும்போது பெருமாளை "காயாம்பூ வண்ணா" என்பாள். அந்தப் பூவை அவளும் பார்த்ததில்லை, நானும் பார்த்ததில்லை. அதில் தொடங்கியதுதான் இது.

முதலில் சுலப வழியில் போனேன். ஒரு நர்சரியில் காயா என்று சொல்லி 150 ரூபாய்க்கு ஒரு கன்று தந்தார்கள். திருவான்மியூர் மாடியில் அது மளமளவென்று வளர்ந்தபோதே சந்தேகப்பட்டிருக்க வேண்டும். ஒரு நாள் இலையைக் கசக்கினால் மாவிலை மாதிரி வாசனை. வெயிலுக்கு நேரே பிடித்தால் ஊசி குத்தியது போலப் புள்ளிகள். நாவல்! காயா இலையும் எதிரெதிராக, தடிப்பாகப் பளபளவென்றுதான் இருக்கும். ஆனால் அதில் இந்த வாசனையும் கிடையாது, புள்ளியும் கிடையாது.

அப்புறம் ஈ.சி.ஆரில் மரக்காணம் தாண்டி, கீழ்ப்புத்துப்பட்டு ஐயனார் கோயில் காட்டுக்குப் போனோம். கடலுக்குக் கிட்டே, மணற்பாங்கான நிலத்தில் கோடையிலும் பச்சை மாறாமல் நிற்கிற காடு. அங்கே திரும்பிய பக்கமெல்லாம் காயாதான். பூ முடிந்து, பட்டாணி அளவில் கறுத்த பழங்கள் உதிர்ந்து கிடந்தன. கோயில் காட்டில் குச்சி ஒடிக்கக்கூடாது. "கீழ கிடக்குறத மட்டும் எடுடா, அதையும் கேட்டுட்டு எடு" என்றாள் அம்மா. பூசாரியிடம் கேட்டு ஒரு கைப்பிடி எடுத்தேன். ஒன்றை வாயில் போட்டேன். லேசான இனிப்பு, பிறகு நாக்கை இழுத்துப் பிடிக்கிற துவர்ப்பு. சதைக்குள் ஒரே ஒரு விதை.

பாதியை அன்று இரவே கழுவி ஆற்று மணலில் விதைத்தேன். மீதியை, கத்திரிக்காய் விதைக்குச் செய்வது போல, நிழலில் உலர்த்திக் காகித உறையில் வைத்து ஒரு மாதம் கழித்துப் போட்டேன். உலர்ந்ததில் ஒன்றுகூட முளைக்கவில்லை. ஈரமாகப் போட்ட 22-இல் 9 வந்தன, அதுவும் ஆறாவது வாரம்தான். நடுவில் இரண்டு முறை மணலைக் கிளறிப் பார்த்த ஆள் நான்.

ஒன்பதில் ஐந்தைக் கொன்றது என் பாசம். தேங்காய் நார்த்தூள், மண்புழு உரம் என்று கத்திரிக்கும் தக்காளிக்கும் போடும் கலவையையே குரோ பேக்கில் நிரப்பி மாற்றி நட்டேன். கார்த்திகை மழையில் நார்த்தூள் தண்ணீரைக் குடித்துக்கொண்டு விடவே இல்லை. இழுத்துப் பார்த்தால் வேர் கறுத்துக் கையோடு வந்தது. மிச்சம் நான்கை மூன்று பங்கு மணல், ஒரு பங்கு செம்மண், மேலே ஒரு கை சருகு என்று மாற்றினேன். உரமே இல்லை. அதற்குப் பிறகு ஒன்றும் சாகவில்லை. அக்னி நட்சத்திரத்தில்கூட நிழல்வலை கட்டவில்லை. இலை நுனி கொஞ்சம் கருகியதோடு சரி.

ஒரே ஒரு எச்சரிக்கை: புதராக வரட்டும் என்று நுனி கிள்ளாதீர்கள். மல்லிகைக்குத்தான் அது சரி. காயா பூப்பது முற்றிய கொம்பில், இலை உதிர்ந்த கணுக்களில், மயில்கழுத்து நீலத்தில் கொத்துக் கொத்தாக. கொம்பு முற்றாமல் பூ ஏது? நான் ஒன்றைக் கிள்ளிவிட்டு, அது இன்னும் 9 அங்குலத்தில் நிற்கிறது.

போன பங்குனியில் ஒரு கணுவில் குண்டூசித் தலை அளவு ஏதோ தெரிந்தது. அம்மா பூதக்கண்ணாடியோடு ஏறி வந்துவிட்டாள். இரண்டு வாரம் காத்திருந்தோம். கொழுந்து.

ஐப்பசி மழைக்கு முன்னால் ஒன்றை மட்டும் தரையில் இறக்கப் போகிறேன், கேட்டுக்குப் பக்கத்தில், பட்டுப்போன செம்பருத்தி இருந்த இடத்தில். வீட்டுக்காரரிடம் இன்னும் கேட்கவில்லை.