பாஸலில் தூங்காத ஒருவன்

ஒரே ஓர் ஓவியத்துக்காகத்தான் சுவிட்சர்லாந்துப் பயணத்தில் பாஸலைச் சேர்த்தேன். ஜூரிக்கிலிருந்து ரயிலில் ஒரு மணி நேரம். ஸ்டேஷன் வாசலில் 2ஆம் எண் டிராம் ஏறினால் சில நிமிடங்களில் குன்ஸ்ட்மியூசியம் (கலை அருங்காட்சியகம்) நிறுத்தம் வந்துவிடுகிறது. முற்றத்தில் ரோதானின் ‘கலே நகரத்தார்’ சிலைகள் மழையில் நனைந்துகொண்டிருந்தன. வேறொரு நாளாக இருந்தால் அங்கேயே அரை மணி நேரம் நின்றிருப்பேன். அன்று நேராக உள்ளே போய்விட்டேன்.

நான் தேடி வந்தது ஆஸ்திரிய ஓவியர் ஆஸ்கர் கோகோஷ்கா 1913-14இல் வரைந்த ‘காற்றின் மணமகள்’. ‘விண்ட்ஸ்பிரௌட்’ என்ற அதன் ஜெர்மன் பெயருக்குச் சூறைக்காற்று என்றும் பொருள் உண்டு. அகலம் 220 செ.மீ., உயரம் 180 செ.மீ. இருக்கும். சிப்பி போன்ற ஒரு படுக்கையில் ஆணும் பெண்ணும் படுத்திருக்கிறார்கள். சுற்றிலும் நீலமும் பச்சையும் சுழல்கின்றன. கடலா மேகமா என்று பிரித்துச் சொல்ல முடியாது.

அவள் அவன் தோளில் தலை சாய்த்து நிம்மதியாகத் தூங்குகிறாள். அவன் தூங்கவில்லை. கண் விழித்து எங்கோ பார்க்கிறான். அவள் மேனியில் சாயம் மிருதுவாகப் படிந்திருக்கிறது; அவன் உடம்பில் தோலை உரித்தது போல் திட்டுத் திட்டாக, தடித்துக் கிடக்கிறது. அப்புறம் அந்தக் கைகள். இரண்டையும் கோத்து இறுக்கி வைத்திருக்கிறான். விரல் முட்டிகள் முடிச்சு முடிச்சாகப் புடைத்திருக்கின்றன. பக்கத்திலேயே அவள் இருக்கிறாள், ஆனால் கைகள் அவளைத் தொடவில்லை. அச்சில் எத்தனையோ தடவை பார்த்த படம்தான், இது கண்ணில் பட்டதே இல்லை.

படத்தில் இருக்கும் அவன் கோகோஷ்காவேதான். அவள் ஆல்மா மாலர், இசையமைப்பாளர் குஸ்தாவ் மாலரின் மனைவி. அவர் இறந்த மறு வருடம், 1912இல், வியன்னாவில் கோகோஷ்கா அவளைச் சந்தித்தார். அவருக்கு வயது 26, அவள் ஏழு வயது மூத்தவள். நூற்றுக்கணக்கில் கடிதம் எழுதினார். இறந்துபோன கணவர்மேல்கூடப் பொறாமைப்பட்டார். அவள் மெல்ல விலகினாள். முதல் உலகப் போர் வந்ததும், இந்த ஓவியத்தை விற்ற காசில் குதிரை வாங்கிக்கொண்டு குதிரைப்படையில் சேர்ந்தார். 1915 ஆகஸ்டில் ஆல்மா கட்டடக் கலைஞர் வால்டர் குரோப்பியஸை மணந்தாள். அதே மாதம் கிழக்குப் போர்முனையில் கோகோஷ்காவின் தலையில் குண்டு பாய்ந்தது. பிழைத்துக்கொண்டார்.

வியன்னாவில் ஓவியர் கிளிம்ட் தங்கத் தகடு பதித்து வரைந்த ‘முத்தம்’ பார்த்திருக்கிறேன். அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் அந்தத் தங்கத்துக்குள் பயமே இல்லை. ஒருத்தியை அத்தனை வேண்டும் என்று நினைக்கிறவனுக்கு, அவள் தன் தோளில் கிடக்கும்போதே அவளை இழக்கும் பயம் வந்துவிடுகிறது. அதை வரைந்தவர் கோகோஷ்காதான். அழகாகக் காட்டுவதை விட்டுவிட்டு உள்ளே இருப்பதைச் சாயத்தில் அள்ளி அப்பிய எக்ஸ்பிரஷனிஸ்டுகளுக்குத்தான் அது கைவந்தது என்று நினைக்கிறேன்.

இந்தப் படம் ஹாம்பர்க் அருங்காட்சியகத்தில் இருந்தது. 1937இல் நாஜிகள் ‘சீரழிந்த கலை’ என்று பறித்தார்கள். 1939இல் பாஸல் அருங்காட்சியகம் வாங்கியது. அப்போது கூடவே வாங்கிய ஃபிரான்ஸ் மார்க்கின் ‘விலங்குகளின் விதி’ ஓவியமும் இங்கேதான் இருக்கிறது.

ஆறு மணிக்கு மூடுகிறார்கள். அதற்குக் கால் மணி முன்பு திரும்பவும் அந்த அறைக்குப் போனேன். யாரும் இல்லை. கிட்டப் போய் அந்தக் கைகளை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன். கட்டைவிரல் ஓரத்தில் தூரிகை இழுத்த கோடு அப்படியே காய்ந்து நின்றது.